கணினியில் ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2: என் கைக்கு வயதாகிவிட்டதா, விளையாட்டு மாறிவிட்டதா?

உவர்மலைக்காரி

வணக்கம். கேள்வி சின்னது. ஆனால் முன்கதை சொல்லாமல் விளங்காது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

எங்கள் மாமா கப்பலில் எஞ்சின் அறையில் வேலை செய்தவர். 1993இல் ஹாம்பர்க் துறைமுகத்தில் இறங்கிய ஒரு பயணத்தில் டிவியில் இணைத்து விளையாடும் சூப்பர் நின்டெண்டோ பெட்டி ஒன்றும், அதில் போடும் ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2 என்ற சண்டை விளையாட்டின் கசெட்டும் வாங்கிவந்தார். எனக்கு அப்போது 12 வயது, அண்ணாவுக்கு 15. கசெட் வந்த அட்டைப்பெட்டியை முற்றத்தில் வைத்துவிட்டு உள்ளே போய் வருவதற்குள் புள்ளிமான் ஒன்று பாதியைத் தின்றுவிட்டது. வெளியூர்க்காரர்கள் நம்பமாட்டார்கள். திருகோணமலை பஸ் நிலையத்தடியில் நின்று பார்த்தவர்களுக்கு எங்கள் ஊர் மான்களைத் தெரியும். விளையாட்டு முறைகள் அச்சிட்ட கையேடும் அதற்குள்தான் இருந்தது. ஜெர்மன் மொழிக் கையேடு என்பதால் பெரிய நட்டமில்லை. எந்த அடி எப்படி வரும் என்பதை நாங்களே தடவித் தடவிக் கண்டுபிடித்தோம்.

விளையாட்டில் வரும் சண்டைக்காரர்களில் அண்ணா எப்போதும் ரியூ. எனக்குத் தால்சிம். நானாக எடுத்த ஆள் அல்ல; "உனக்கு இவர்தான் சரி" என்று அண்ணா தீர்மானித்துவிட்டார். மொட்டைத் தலை, கழுத்தில் மண்டையோட்டு மாலை, வாயில் நெருப்பு. அம்மம்மா ஒருநாள் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வந்து பார்த்துவிட்டு, "இவர் எந்தச் சுடலையிலிருந்து எழும்பி வருகிறார்?" என்று கேட்டார். இந்தியாவிலிருந்து வருகிறார் என்றேன். "அங்கே இப்படி யாரும் இல்லை" என்று முடித்துவிட்டார். திரைக்குப் பின்னால் நிற்கும் யானைகளை மட்டும் அவருக்குப் பிடித்தது.

தால்சிமை வைத்து ரியூவை எதிர்ப்பதற்கு நான் இரண்டே இரண்டு விஷயங்களைக் கற்றேன். அவன் நெருப்புப் பந்தை எறிந்தால் கீழே குனிந்து உதைப் பொத்தானை அழுத்த வேண்டும்; தால்சிம் தரையோடு வழுக்கிக்கொண்டு பந்துக்கு அடியால் போய் அவன் காலை வாரிவிடுவார். அவன் பாய்ந்தால் பொறுத்திருந்து, இறங்கும் நேரத்தில் கையை நீட்ட வேண்டும். பொறுக்கிற அளவுதான் முழு வித்தை. பத்து ஆட்டத்தில் ஒன்றில் வென்றிருப்பேன். 1997இல் அண்ணா கனடா போனார். பெட்டியை மாமாவின் பழைய சாரத்தில் சுற்றி அலுமாரியின் மேல்தட்டில் வைத்தேன்.

வருகிற ஆகஸ்ட்டில் அண்ணா வருகிறார். தொலைபேசியில் கதைத்தபோது, ஒரு ஆட்டம் போடுவோமா என்று கேட்டேன். "நீ இன்னும் அந்தத் தால்சிம்தானா?" என்று ஒரு சிரிப்புச் சிரித்தார். அந்தச் சிரிப்புக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

சித்தியின் மகன் என் மடிக்கணினியில் மேம் என்ற எமுலேட்டரை, அதாவது பழைய விளையாட்டு இயந்திரம்போல் கணினியை நடக்கவைக்கும் நிரலை, போட்டுத் தந்தான். காசு போட்டு விளையாடும் ஆர்கேட் கடைகளில் ஓடிய அசல் ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2 இதுதான் என்றான். எச்டிஎம்ஐ கம்பியால் 43 அங்குல டிவியில் இணைத்து, விசைப்பலகையில் விளையாடுகிறேன். மூன்று வாரமாக, ஐஸ் ஆலைக் கணக்கை முடித்து வீட்டுக்கு வந்தபின் தினமும் ஒரு மணி நேரம். பந்து வருவதைப் பார்க்கிறேன், அழுத்துகிறேன், தால்சிம் வழுக்கத் தொடங்குமுன் பந்து முகத்தில் விழுகிறது. பாய்ந்து வருபவனைப் பொறுத்திருந்து அடிக்கப் பார்த்தால் நான் பொறுத்து முடிப்பதற்குள் அவன் உதைத்துவிடுகிறான். கண்ணும் மூளையும் சரியாக இருக்கின்றன. கை மட்டும் பின்னால் வருகிறது.

வயதுதான் காரணம் என்றால் நேராகச் சொல்லுங்கள். வேறு காரணம் இருந்தால் அதையும் சொல்லுங்கள்.

ஆறுபொத்தான்

அக்கா, உங்கள் கைக்கு ஒன்றும் இல்லை. நீங்கள் சிறுவயதில் விளையாடியது மெதுவான விளையாட்டு.

ஐரோப்பாவில் விற்ற பெட்டிகள் பால் முறையில் ஓடுபவை. குடிக்கிற பால் அல்ல, தொலைக்காட்சி முறையின் பெயர். அதில் வினாடிக்கு 50 படம். ஜப்பானிலும் அமெரிக்காவிலும் வினாடிக்கு 60. பெரும்பாலும் மின்சாரத்தின் அதிர்வெண்ணை ஒட்டியே தொலைக்காட்சி முறைகள் உருவாயின; நம் நாட்டிலும் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், டிவியும் பால் முறை. அதனால்தான் ஹாம்பர்க் பெட்டி உவர்மலையில் கேள்வி கேட்காமல் ஓடியது.

சிக்கல் என்னவென்றால், அந்தக் கால விளையாட்டுகள் நேரத்தைக் கடிகாரத்தால் அளக்கவில்லை, படத்தால் அளந்தன. ஓர் அடி 12 படம் நீடிக்க வேண்டும் என்று எழுதியிருந்தால் 60 ஹெர்ட்ஸில் அது 200 மில்லி வினாடி, 50 ஹெர்ட்ஸில் 240. ஐரோப்பிய கசெட்டைத் தயாரித்தபோது வேகத்தைச் சரிக்கட்டவில்லை. முழு விளையாட்டும் இழுபட்டு ஓடியது. மேலும் கீழும் கறுப்புப் பட்டை இருந்ததா? அதுவும் இதன் விளைவுதான். பால் டிவியில் வரிகள் அதிகம். விளையாட்டிடம் அவ்வளவு படம் இல்லை.

இப்போது நீங்கள் விளையாடுவது 1991இல் காப்காம் கம்பனி வெளியிட்ட ஆர்கேட் பலகையின் நிரல். வினாடிக்கு ஏறக்குறைய 60 படம், அகலத்தில் 384 புள்ளி. வீட்டுப் பெட்டியில் 256 புள்ளிதான். கசெட் மொத்தமே 16 மெகாபிட். எவ்வளவோ வெட்டி ஒட்டித்தான் உள்ளே அடக்கினார்கள். அசல் இருக்கும்போது நகலை ஏன் நினைக்கிறீர்கள்? பழைய நேரக்கணக்கை மறந்துவிட்டுப் புதிதாகப் பழகுங்கள். இரண்டு மாதம் போதும்.

இன்னொன்று: டிவியில் படத்தை 16:9க்கு இழுத்து விட்டிருந்தால் 4:3க்கு மாற்றுங்கள். அந்த 384 புள்ளிகளும் சதுரப் புள்ளிகள் அல்ல, 4:3 திரைக்குள் ஒடுங்கும்படி வரைந்தவை.

உவர்மலைக்காரி

தம்பி, நன்றி. 4:3க்கு மாற்றினேன். தால்சிமுக்குத் தொப்பை போய்விட்டது. மூன்று வாரமாக எங்கள் சங்கக்கடை முகாமையாளரைப் போல ஒருவரை வைத்துச் சண்டை பிடித்திருக்கிறேன்.

மெதுவானது என்பதை ஏற்கிறேன். கறுப்புப் பட்டை நன்றாக நினைவிருக்கிறது. டிவி பழுது என்று நினைத்து அப்பா பின்பக்கத்தைத் தட்டிக்கொண்டே இருப்பார். 50இலிருந்து 60க்கு ஏறினால் 20 சதவீதம், 60இலிருந்து 50க்கு இறங்கினால் 16.7 சதவீதம். ஐஸ் விலையை ஏற்றி இறக்கும்போது ஆலையில் இதே குழப்பம் வரும், ஆகவே இந்தக் கணக்கு எனக்குப் புதிதல்ல.

"மறந்துவிடுங்கள்" என்பதைத்தான் ஏற்கமாட்டேன். நான்கு வருடம் நான் விளையாடியது நகல் என்கிறீர்கள். எனக்கும் அண்ணாவுக்கும் அதுதான் விளையாட்டு. வேறொன்றை நாங்கள் கண்டதில்லை. அது போகட்டும். எனக்கு வேறொரு சந்தேகம். 20 சதவீத வேகத்தால் மட்டும் இவ்வளவு பிந்துமா? கணினியோடு விளையாடும்போதும், எதிராளி சும்மா நிற்கும்போதும்கூட, அழுத்துவதற்கும் அடி வருவதற்கும் இடையில் ஏதோ ஒரு சவ்வு இருப்பதுபோல் இருக்கிறது. வேகமான விளையாட்டு என்றால் அடியும் வேகமாக வரவேண்டுமே?

கிண்ணியா நானா

தங்கச்சி, அஸ்ஸலாமு அலைக்கும். நான் டிவி திருத்துகிறவன். 2002இல் சமாதானம் வந்த கையோடு கிண்ணியாவில் நான்கு டிவி வைத்து ஒரு விளையாட்டுக் கடை போட்டேன். அப்போது பாலம் இல்லை. டிவிகளைப் பாதை என்று நாங்கள் சொல்லும் மிதவைப் படகில் ஏற்றித்தான் கொண்டுவந்தேன். கரை சேரும்வரை ஒன்றைக் கட்டிப்பிடித்துக்கொண்டே நின்றேன். டெக்கன் 3 என்ற சண்டை விளையாட்டு இரவு பகலாக ஓடியது. வட்டு வாசிக்கும் பெட்டிகள் சூட்டில் திணறத் தொடங்கினால் தலைகீழாகக் கவிழ்த்து வைப்போம், மீண்டும் ஓடும். சுனாமியில் நான்கு டிவியும் போயின. அதன்பின் கடை போடவில்லை, திருத்துவதோடு நின்றுவிட்டேன்.

உங்கள் சந்தேகம் சரியானது. அந்தச் சவ்வின் பெரும்பங்கு டிவிக்குள் இருக்கிறது.

பழைய குழாய் டிவி எதையும் சேமித்து வைப்பதில்லை. கம்பியில் வரி வர வர மின்கற்றை கண்ணாடியில் இழுத்துக்கொண்டே போகும். புதிய தட்டை டிவி முழுப் படத்தையும் வாங்கி வைத்து, பெருப்பித்து, நிறம் கூட்டி, அசைவை மென்மையாக்கி, அதன்பிறகுதான் காட்டும். நாடகம் பார்க்க அது அழகு, சண்டை பிடிக்க ஆகாது. 60 ஹெர்ட்ஸில் ஒரு படம் 16.7 மில்லி வினாடி. சில டிவிகள் 100 மில்லி வினாடிக்கு மேலேயே எடுக்கும். அப்படியென்றால் நீங்கள் ஆறு படத்துக்கு முந்திய ரியூவைப் பார்த்துக்கொண்டு அடிக்கிறீர்கள். டிவியின் அமைப்புகளுக்குள் போய் கேம் மோட் என்று இருந்தால் அதைப் போடுங்கள். அசைவை மென்மையாக்கும் வசதி எந்தப் பெயரில் இருந்தாலும் நிறுத்துங்கள்.

அடுத்தது விசைப்பலகை. மலிவான பலகைகளில் சில மூன்று விசைகளை ஒன்றாக அழுத்தினால் ஒன்று பதிவாகாது. கீழ், வலது, உதை மூன்றும் சேர்ந்து அப்படியொரு கூட்டாக அமைந்துவிட்டால் தால்சிம் அசையவே மாட்டார், நீங்கள் கையைத் திட்டுவீர்கள். எழுதும் பக்கத்தைத் திறந்து மூன்றையும் ஒன்றாக அழுத்திப் பாருங்கள், தெரிந்துவிடும்.

அந்தப் பெட்டியைச் சாரத்திலிருந்து வெளியே எடுங்கள் என்றுதான் நான் சொல்வேன். ஆனால் உடனே மின்சாரம் கொடுக்க வேண்டாம். முதலில் அடப்டரில் என்ன எழுதியிருக்கிறது என்று பாருங்கள். ஐரோப்பியப் பெட்டிக்கு 9 வோல்ட் ஏசி. கடைகளில் கிடைக்கும் 9 வோல்ட் அடப்டர்கள் பெரும்பாலும் டிசி. முனை பொருந்துகிறது என்பதற்காகச் செருகிவிடாதீர்கள். கசெட்டின் செப்புப் பற்களில் கடற்காற்றுக்குப் பச்சை பிடித்திருக்கும். ஐசோபுரோபைல் மதுசாரத்தில் பஞ்சுக்குச்சியை நனைத்துத் துடையுங்கள். சிறுவயதில் எல்லோரும் வாயால் ஊதினோம். ஊதினால் எச்சில் ஈரம்தான் ஏறும். நாம் ஊதியதால் வேலை செய்தது என்று நினைத்தது, கழற்றி மீண்டும் செருகியதால் வேலை செய்தது.

பழைய பெட்டியைத் தட்டை டிவியில் நேராகச் செருகுவதும் நல்லதல்ல. ஒளிபரப்பில் ஒரு படத்தின் ஒற்றை வரிகளும் இரட்டை வரிகளும் மாறி மாறி வரும். இந்தப் பெட்டிகளோ ஒரே வரிகளின் மேல் திரும்பத் திரும்ப வரைகின்றன. புதிய டிவிகளில் பல அதைப் புரிந்துகொள்ளாமல் இரண்டு பாதிகளை ஒட்டப்போகும். அங்கேயும் நேரம் போகும், படமும் கிழியும். குழாய் டிவி ஒன்று தேடுங்கள். இல்லையென்றால் என் பட்டறையில் 21 அங்குலம் ஒன்று இருக்கிறது.

கல்லடிப் பாலம்

மட்டக்களப்பிலிருந்து ஒரு குறுக்குப் பேச்சு. எங்கள் வீட்டில் இருந்தது மெகா டிரைவ் என்ற வேறொரு விளையாட்டுப் பெட்டி. ஸ்ட்ரீட் ஃபைட்டருக்கு ஆறு பொத்தான் வேண்டும், எங்கள் கைப்பிடியிலோ மூன்றுதான். குத்திலிருந்து உதைக்கு மாற ஸ்டார்ட் பொத்தானை அழுத்த வேண்டும், மீண்டும் குத்துக்கு மீண்டும் ஸ்டார்ட். ஆறு பொத்தான் கைப்பிடி 1993இல் வந்தது என்று பிறகுதான் அறிந்தேன், எங்கள் வீட்டுக்கு அது வரவேயில்லை. இன்றைக்கும் எந்த விளையாட்டிலும் உதைக்குமுன் என் பெருவிரல் ஸ்டார்ட்டைத் தேடும், விளையாட்டு நின்றுவிடும். "மறந்துவிட்டுப் புதிதாகப் பழகுங்கள்" என்ற தம்பிக்கு இதைச் சமர்ப்பிக்கிறேன்.

ஆறுபொத்தான்

சரி, சரி. பின்வாங்குகிறேன், ஆனால் பாதிதான்.

"அசல் வேகம்" என்று நான் சொன்னதே அவ்வளவு உறுதியான ஒன்று அல்ல. 1991இல் வந்த முதல் பதிப்பு ஒரு வேகம். பிறகு யாரோ பலகையைத் திருட்டுத்தனமாக மாற்றி, வேகத்தைக் கூட்டி, வானத்தில் நின்றே பந்து எறியும் பதிப்புகளைக் கடைகளில் ஓடவிட்டார்கள். மக்களுக்கு அந்த வேகம் பிடித்துப்போயிற்று. 1992 இறுதியில் காப்காமே வேகம் கூட்டிய ஹைப்பர் ஃபைட்டிங் பதிப்பை வெளியிட்டதற்கு அதுவும் ஒரு காரணம். தால்சிமுக்கு மறைந்து தோன்றும் வித்தை கிடைத்தது அதில்தான். அதற்கடுத்த வருடம் சூப்பர் நின்டெண்டோவுக்கு வந்த டர்போ பதிப்பில் வேகத்தை நாமே தெரிவு செய்யலாம். ஆக, கம்பனியே கூட்டிக் குறைத்ததுதான்.

எமுலேட்டர் பக்கத்தில் ஒரு வழி இருக்கிறது. ரெட்ரோஆர்க் என்ற எமுலேட்டர் நிரலில் ரன் அஹெட் என்று ஒரு வசதி உண்டு. பொத்தானை அழுத்தியதும் விளையாட்டே ஒன்றிரண்டு படம் தாமதித்துத்தான் அசையும். இது அசல் பலகையிலும் உள்ள தாமதம். ரன் அஹெட் திரைக்குப் பின்னால் அந்த ஒன்றிரண்டு படங்களை முன்கூட்டியே ஓட்டி, முடிவை மட்டும் காட்டும். கணினிக்கு வேலை கூடும். ஒன்று அல்லது இரண்டுக்கு மேல் வைக்காதீர்கள், வைத்தால் அசைவுகள் இடையில் துள்ளும். நானா சொன்ன டிவித் தாமதத்தை இது நீக்காது, இந்தப் பக்கத்தில் கொஞ்சம் மீட்டுத் தரும், அவ்வளவுதான்.

ஆர்கேட் பதிப்பை முறையாக வாங்க விரும்பினால் 2018இல் வந்த ஸ்ட்ரீட் ஃபைட்டர் வரிசையின் 30ஆவது ஆண்டுத் தொகுப்பில் 12 விளையாட்டுகள் இருக்கின்றன, கணினிக்கும் கிடைக்கும். வீட்டுப் பெட்டிப் பதிப்பை எமுலேட்டரில் ஓட்டுவதென்றால் உங்கள் கசெட்டிலிருந்தே பிரதி எடுங்கள். ஐரோப்பியப் பிரதி என்று கண்டால் எமுலேட்டர் தானாகவே 50 ஹெர்ட்ஸில் ஓட்டும்.

உவர்மலைக்காரி

பத்து நாள் கழித்து எழுதுகிறேன். கணக்கோடு வந்திருக்கிறேன்.

பெட்டி உயிரோடு இருக்கிறது. அடப்டரும் சாரத்துக்குள்ளேயே இருந்தது, 9 வோல்ட் ஏசி என்று தெளிவாக எழுதியிருக்கிறது. கசெட்டைத் துடைத்த பஞ்சு, நானா சொன்னபடியே, முருங்கையிலைச் சாற்றில் தோய்த்ததுபோல் வந்தது. கிண்ணியாவுக்கு எல்லாவற்றையும் தூக்கிக்கொண்டு போய் நானாவின் 21 அங்குல டிவியில் செருகினோம். படம் வந்தது, கறுப்புப் பட்டையோடு. அந்த இசையின் முதல் இரண்டு வினாடிக்கே அது எவ்வளவு இழுபட்டு வருகிறது என்று கேட்டது. சிறுவயதில் கேட்டதே இல்லை. நானா தன்னிடமிருந்த வாசிப்பான் ஒன்றில் கசெட்டைப் பிரதியும் எடுத்துத் தந்தார். பழைய கைப்பிடியைக் கணினியில் செருக ஒரு யூஎஸ்பி மாற்றியையும் கொடுத்து, காசு வாங்க மறுத்துவிட்டார்.

சோதனை இப்படி. சித்தியின் மகன் ரியூவை எடுத்து, தான் நினைத்த நேரத்தில் 20 நெருப்புப் பந்து எறிய வேண்டும். நான் அடியால் வழுக்க வேண்டும். எத்தனை தப்பினேன் என்று அவன் குறிக்க வேண்டும். கூலி, ஒரு சுற்றுக்கு ஒரு ஐஸ்கிரீம். பையன் நேர்மையானவன். என் பக்கம் ஒன்றைக்கூடக் கூட்டிப் போடவில்லை.

நானாவின் பட்டறையில், பழைய பெட்டி, பழைய கைப்பிடி, குழாய் டிவி: 17. உங்களுக்கு இருபத்தெட்டு வயதா என்று யாராவது கேட்டிருந்தால் நன்றாக இருந்திருக்கும், ஆனால் கேட்டது என் தோள்மூட்டுதான்.

வீட்டில், அதே கசெட்டின் பிரதி, அதே 50 ஹெர்ட்ஸ் வேகம், 43 அங்குல டிவி, விசைப்பலகை: 5. இங்கேதான் நான் எழுந்து நின்றுவிட்டேன். வேகம் மாறவே இல்லை. விளையாட்டும் அதேதான். ஆனாலும் 12 பந்து கூடுதலாக முகத்தில் விழுந்துவிட்டது. எழுதும் பக்கத்தில் கீழ், வலது, உதை மூன்றையும் அழுத்திப் பார்த்தேன். இரண்டுதான் பதிவானது.

விசைப்பலகையை விட்டுப் பழைய கைப்பிடியை எடுத்து, டிவியில் கேம் மோட் போட்டதும் 13. டிவியையே கழற்றிவிட்டு மடிக்கணினியின் சொந்தத் திரையில், கழுத்தை நீட்டிக்கொண்டு: 15. மிஞ்சிய இரண்டையும் எங்கே எழுதுவது என்று தெரியவில்லை. படம் இடையிடையே தடக்கித் தடக்கி ஓடியது உண்மை.

கடைசியாக, அதே திரை, அதே கைப்பிடி, தம்பியின் ஆர்கேட் பதிப்பு: 10.

ஆகவே பேரேட்டில் இப்படி விழுகிறது. தம்பி சொன்ன வேகம் தின்றது 5 பந்து. டிவியும் விசைப்பலகையும் சேர்ந்து தின்றது 10. வயதின் பெயரில் பதிவதற்கு ஒன்றுமே இல்லை. மூன்று வாரமாக என்னைத் திட்டிக்கொண்டிருந்தேன், திட்டியிருக்க வேண்டியது 1,500 ரூபாய் விசைப்பலகையை.

இன்னொன்றும் கண்டேன். ஆர்கேட் பதிப்பில் ஒரு வாரம் விடாமல் பழகி 14க்கு வந்துவிட்டேன். சந்தோஷமாகப் பழைய பெட்டிக்குத் திரும்பினால் அங்கே இப்போது நான் முந்தி அழுத்துகிறேன். பந்து வருமுன்பே தால்சிம் வழுக்கி முடித்து, எழும்பும் நேரத்தில் அடி வாங்குகிறார். கை இரண்டையும் ஒன்றாக வைத்துக்கொள்ளாதாம். ஒன்றைத் தெரிவு செய்ய வேண்டும்.

ஆறுபொத்தான்

அக்கா, அந்தத் தடக்கலுக்குக் காரணம் தெரியும். மடிக்கணினித் திரை வினாடிக்கு 60 தடவை புதுப்பிக்கிறது, விளையாட்டு 50 படம்தான் தருகிறது. ஐந்து படத்துக்கு ஒருமுறை ஒரு படம் இரண்டு தடவை காட்டப்படும். திரையை 50க்கு மாற்ற முடிந்தால் மாற்றுங்கள், முடியாவிட்டால் பொறுத்துக்கொள்ள வேண்டியதுதான்.

எதைத் தெரிவு செய்வது என்ற கேள்விக்கு என்னிடம் வேறொரு கேள்வி இருக்கிறது. உங்கள் அண்ணா கனடாவில் இத்தனை வருடம் எதில் விளையாடியிருப்பார்? அங்கே எல்லாம் 60 ஹெர்ட்ஸ். அவர் கை அதற்குப் பழகியிருந்தால், உங்கள் வீட்டில் பழைய பெட்டியின் முன்னால் உட்கார்ந்ததும் அவர்தான் முந்தி அழுத்துவார்.

அவர் திரும்பிப் போனபிறகும் தொடர விரும்பினால், தூரத்திலிருந்து இணையத்தில் விளையாட ஃபைட்கேட் என்ற நிரல் இருக்கிறது. இணையத்தில் எதிராளியின் பொத்தான் வந்து சேரும்வரை காத்திராமல், அவர் என்ன செய்வார் என்று ஊகித்து விளையாட்டை ஓட்டி, ஊகம் பிழைத்தால் சில படம் பின்னால் போய்த் திருத்தும். டொரொண்டோ தூரத்துக்குக் கொஞ்சம் துள்ளத்தான் செய்யும், ஆனாலும் விளையாடலாம்.

கிண்ணியா நானா

தங்கச்சி, தம்பி நல்ல நஞ்சாகத்தான் யோசிக்கிறார்.

ஒரு விஷயம். பெட்டிக்குள் படம் வரையும் இரண்டு சிப்புகளிலும் ஒவ்வொரு காலைத் தூக்கி ஒரு சுவிட்ச் வைத்தால் 50க்கும் 60க்கும் மாற்றலாம். வேண்டுமென்றால் செய்து தருகிறேன், என் குழாய் டிவி 60ஐயும் ஏற்கும். ஆனால் முப்பது வருடம் யாரும் திறக்காத பெட்டி. நீங்கள் சொன்னால்தான் கை வைப்பேன்.

உவர்மலைக்காரி

கை வைக்க வேண்டாம் நானா. பெட்டி 50இலேயே இருக்கட்டும். தம்பியின் கேள்வியை இரண்டு நாளாகத் தலைக்குள் வைத்துச் சுற்றுகிறேன். அண்ணாவின் மகனிடம் நைசாக விசாரித்தேன். "அப்பா சனிக்கிழமைகளில் அந்த ஆண்டுத் தொகுப்பில்தான் விளையாடுவார்" என்றான். கனடா டிவியில், 60இல்.

இன்றிலிருந்து ஆர்கேட் பதிப்பைத் தொடமாட்டேன். 21 அங்குல டிவியை ஆகஸ்ட் முடியும்வரை வாடகைக்குத் தாருங்கள், சும்மா வேண்டாம். ஞாயிறு பின்னேரம் ஆலை லொறி தம்பலகாமம் போய்த் திரும்பும், கிண்ணியாவுக்கு வந்து ஏற்றச் சொல்கிறேன். ஐஸ் ஈரம் படாமல் தார்ப்பாய் போடச் சொல்லியிருக்கிறேன். இப்போது பாலம் இருப்பதால் யாரும் கட்டிப்பிடிக்கத் தேவையில்லை.

கசெட்டில் ஒரே ஆளை இருவரும் எடுக்கவிடும் இரகசியக் குறியீடு ஒன்று இருக்கிறது: காப்காம் பெயர் தோன்றும்போது கீழ், ஆர், மேல், எல், வை, பி. அண்ணா எங்கிருந்தோ அதைக் கற்றுவந்து, என் தால்சிமை அவரும் எடுத்து என்னை அடித்த நாள் ஒன்று உண்டு. அதையும் பழகிக்கொண்டிருக்கிறேன். இந்த முறை ரியூவை நானும் எடுப்பேன்.

கனடாவில் இருப்பவர்கள் இந்தப் பக்கத்தை யாருக்கும் அனுப்ப வேண்டாம். குறிப்பாக ஸ்காபரோவில் இருப்பவர்கள்.